சிறிய காட்டோடையை அளந்து அறிவது எப்படி: முழுமையான வழிகாட்டி

காட்டோடையை ஆராயக் கிளம்புபவர்களில் பெரும்பாலானோர் நேராகத் தண்ணீரில்தான் இறங்குகிறார்கள். ஆழம் பார்த்து, வேகம் பார்த்து, ஒரு எண்ணைக் குறித்துக்கொண்டு கரையேறுகிறார்கள். அந்த எண் அதிகமா, குறைவா என்று கேட்டால் பதில் இருப்பதில்லை. ஓடையில் ஓடுவது சுற்றியுள்ள நிலத்தின் தண்ணீர். அந்த நிலம் எவ்வளவு, எப்படிப்பட்டது என்று தெரியாதவரை ஓட்டத்தின் அளவுக்குப் பொருளே இல்லை.

அதனால் வரிசை முக்கியம். முதலில் நிலம், அடுத்து ஓடையோரம் நடை, அப்புறம் மழையில்லாத நாளில் அளவு, கடைசியில்தான் மழை நாள். தாண்டிவிடும் அகலத்திலிருந்து நான்கைந்து மீட்டர் அகலம் வரை உள்ள ஓடைகளை மனதில் வைத்து இதை எழுதுகிறேன்.

1. கிளம்பும் முன் கையில் இருக்க வேண்டியவை

சமஉயரக் கோடுகள் உள்ள நிலவரைபடம், 30 மீட்டர் டேப், சென்டிமீட்டர் குறித்த நீளமான குச்சி, ஸ்டாப்வாட்ச், கயிறு, கரையில் அடிக்க நான்கு முளைகள், 10 லிட்டர் வாளி, வெப்பமானி, நனைந்தாலும் கிழியாத நோட்டு, பென்சில். பேனா வேண்டாம், ஈரத்தில் மை கரையும்.

மின்கடத்துதிறன் மீட்டர் (தண்ணீரில் உப்பு கூடினால் ஏறிக்காட்டும் கருவி) ஒன்று கிடைத்தால் வேலை பலமடங்கு எளிதாகும். கட்டாயம் இல்லை.

காட்டுக்குள் போக அனுமதி வேண்டிய இடமென்றால் அதை முதலிலேயே வாங்கிவிடுங்கள். அளவுகோல் நடுவதையும் முளை அடிப்பதையும் அனுமதிக் கடிதத்தில் தனியாகக் குறிப்பிடுவது நல்லது. நடக்க மட்டும் அனுமதி வாங்கிவிட்டு, பாதி வேலையில் நிறுத்தப்பட்டவர்களைப் பார்த்திருக்கிறேன்.

தனியாகப் போகாதீர்கள். முழங்காலுக்கு மேல் ஆழமும் வேகமும் சேர்ந்திருந்தால் இறங்காதீர்கள். மேலே எங்கோ மழை பெய்து, நீங்கள் நிற்கும் இடத்தில் வெயில் அடிக்கலாம். தண்ணீர் திடீரென்று கலங்கினாலோ, சருகும் சுள்ளியும் கூட்டமாக மிதந்து வந்தாலோ, இரைச்சல் மாறினாலோ, சாமானை விட்டுவிட்டு மேட்டுக்கு ஏறுங்கள்.

2. நீர்ப்பிடிப்பு எல்லையை வரைந்துகொள்ளுங்கள்

ஓடையில் நீங்கள் அளக்கப்போகும் இடத்தை வரைபடத்தில் ஒரு புள்ளியாக வையுங்கள். அந்தப் புள்ளிக்கு வந்து சேரும் தண்ணீர் விழுகிற நிலம் முழுவதும்தான் நீர்ப்பிடிப்புப் பகுதி. புள்ளியை நூறு மீட்டர் கீழே நகர்த்தினால், நடுவில் ஒரு கிளையோடை சேர்ந்திருந்தால், பரப்பு சட்டென்று மாறிவிடும். ஆகவே முதலில் புள்ளி, அப்புறம் எல்லை.

சமஉயரக் கோடுகள் ஓடையைக் கடக்கும் இடத்தில் கூர்மையாக மடங்கும். அந்தக் கூர் எப்போதும் ஓடையின் மேற்பக்கத்தைக் காட்டும். மலைமுதுகில் வரும் மடிப்பின் கூர் பள்ளத்தைப் பார்த்து நிற்கும். இந்த இரண்டையும் குழப்பிக்கொண்டால் முதுகு ஓடையாகத் தெரியும், எல்லை தலைகீழாகிவிடும். வரையத் தொடங்கும் முன் பத்து மடிப்புகளையாவது எடுத்து, எது பள்ளம், எது முதுகு என்று பென்சிலால் குறித்துப் பழகுங்கள்.

புள்ளியிலிருந்து இரு பக்கமும் மேல்நோக்கி ஒரு கோடு இழுங்கள். கோடு ஒவ்வொரு சமஉயரக் கோட்டையும் செங்குத்தாக வெட்டிப் போக வேண்டும். ஏனென்றால் தண்ணீர் சமஉயரக் கோட்டுக்குச் செங்குத்தாகத்தான் இறங்கும். இரண்டு பக்கத் தண்ணீரையும் பிரிக்கிற கோடும் அதே திசையில்தான் ஏறும். முகட்டைத் தொட்டதும் முகட்டோடு போய், இரு கோடுகளையும் மேலே சேர்த்துவிடுங்கள்.

சரிபார்க்க ஒரு வழி. எல்லைக்கு உள்ளே ஏதாவது ஒரு இடத்தில் விரலை வைத்து, சரிவோடு கீழே இறக்குங்கள். எங்கே வைத்தாலும் விரல் உங்கள் புள்ளிக்கு வர வேண்டும். வேறு ஓடைக்குப் போனால் அந்த இடத்தில் கோடு தவறு. எல்லைக்கோடு புள்ளியைத் தவிர வேறெங்கும் எந்த ஓடையையும் வெட்டக்கூடாது.

புதியவர்கள் வழக்கமாகச் செய்யும் தவறு, கண்ணுக்குப் பெரிதாகத் தெரியும் மலைமுகட்டோடு கோட்டை ஓட்டிவிடுவது. பெரிய முகட்டுக்கும் ஓடைக்கும் நடுவில் ஒரு சிறு முதுகு இருந்து, அதன் மறுபக்கத் தண்ணீர் பக்கத்து ஓடைக்குப் போகும். சிறிய ஓடையில் இந்த ஒரு பிழையே பரப்பைக் கணிசமாகக் கூட்டிவிடும்.

கணினியில் வரைபவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. இலவசமாகக் கிடைக்கும் செயற்கைக்கோள் உயரத் தரவுகள் பெரும்பாலும் 30 மீட்டர் கட்டங்களாக இருக்கும். 2 மீட்டர் அகல ஓடை அதில் தெரியாது. இன்னொன்று, அடர்ந்த காட்டில் அந்தக் கருவிகள் அளப்பது பெரும்பாலும் மர உச்சிகளை ஒட்டிய உயரத்தை, தரையை அல்ல. 2000ஆம் ஆண்டு விண்வெளி ஓடத்திலிருந்து ரேடார் மூலம் எடுக்கப்பட்ட எஸ்ஆர்டிஎம் தரவிலும் இதே சிக்கல் உண்டு. உயர்ந்த மரங்கள் நிற்கும் பள்ளம் மேடாகத் தெரியும், வெட்டவெளி குழியாகத் தெரியும். மென்பொருள் போட்டுத்தரும் எல்லையை முதல் வரைவாக மட்டும் வைத்துக்கொள்ளுங்கள்.

கடைசியாகப் பரப்பு. மென்பொருள் இல்லாவிட்டால் கட்டத்தாளில் பதித்து கட்டங்களை எண்ணினால் போதும். பரப்பு கிடைத்ததும் ஒரு எண்ணை மனதில் நிறுத்துங்கள்: 1 சதுர கிலோமீட்டரில் 1 மில்லிமீட்டர் மழை என்றால் 1,000 கன மீட்டர், அதாவது 10 லட்சம் லிட்டர். இனி வரும் கணக்கெல்லாம் இதன்மேல்தான் நிற்கும்.

3. எல்லையையும் தலைப்பகுதியையும் நடந்து பாருங்கள்

வரைபடம் காட்டாத இரண்டு விஷயங்களுக்காக முகட்டில் நடக்க வேண்டும். ஒன்று, பாதைகள். சரிவின் குறுக்கே வெட்டிய வண்டிப்பாதை வழியில் வரும் தண்ணீரையெல்லாம் பிடித்து, தன் ஓரத்து வாய்க்காலில் ஓட்டி, பக்கத்துப் பள்ளத்தில் கொட்டிவிடும். சாலைக்கு அடியில் குழாய் போட்டிருந்தால் அது எந்தப் பக்கம் திறக்கிறது என்று குனிந்து பார்த்தே ஆக வேண்டும். இரண்டு, தட்டையான முகடுகள். அங்கே வரைபடத்தை நம்ப முடியாது. மழை முடிந்த மறுநாள் போனால் சருகு ஒதுங்கியிருக்கும் திசையே தண்ணீர் போன திசையைச் சொல்லிவிடும்.

அடுத்து ஓடையின் தலை எங்கே என்று தேடுங்கள். இங்கே இரண்டு புள்ளிகளைத் தனித்தனியாகக் குறிக்க வேண்டும்: படுகை தொடங்கும் இடம், தண்ணீர் தொடங்கும் இடம். கரை என்று சொல்லும்படி இரு பக்கமும் விளிம்பு தெரிந்து, அடியில் சருகு அடித்துச் செல்லப்பட்டு மணலோ கல்லோ வெளியே தெரிந்தால் அது படுகை. தண்ணீர் தொடங்கும் இடம் அதற்குக் கீழே எங்கேயும் இருக்கலாம். மழைக்காலத்தில் அது மேலே ஏறும், கோடையில் கீழே இறங்கும். தேதியோடு குறித்தால்தான் பயன்.

ஓடையின் வரிசை எண்ணையும் இப்போதே போட்டுவிடலாம். கிளையே சேராத ஓடை முதல் வரிசை. இரண்டு முதல் வரிசை ஓடைகள் சேர்ந்தால் இரண்டாம் வரிசை. இரண்டாம் வரிசையில் ஒரு முதல் வரிசை ஓடை வந்து சேர்ந்தால் எண் மாறாது. இது ஸ்ட்ராலர் முறை. வரைபடத்தின் அளவு மாறினால் எண்ணும் மாறும் என்பதைக் கவனியுங்கள். 1:50,000 வரைபடத்தில் முதல் வரிசையாகத் தெரிவது, நடந்து பார்த்தால் மூன்றாம் வரிசையாக இருக்கலாம். எந்த வரைபடத்தில் எண்ணினீர்கள் என்பதை எழுதாமல் எண்ணை மட்டும் எழுதாதீர்கள்.

4. கீழிருந்து மேலாக ஓடையோரம் நடந்து பதியுங்கள்

நடை எப்போதும் கீழிருந்து மேலே. மேலிருந்து இறங்கினால் நீங்கள் கலக்கிய சேறு உங்களுக்கு முன்னால் போய், பார்க்க வேண்டிய அடிப்படுகையை மறைத்துவிடும். இடது கரை, வலது கரை என்று எழுதும்போது மட்டும் தண்ணீர் போகும் திசையைப் பார்த்து நிற்பதாக வைத்துக்கொள்ளுங்கள். மேலே நடந்துகொண்டே எழுதுபவர்கள் இதில்தான் அடிக்கடி மாற்றி எழுதுகிறார்கள். நோட்டின் முதல் பக்கத்தில் ஒரு அம்புக்குறி போட்டு வைத்தால் குழப்பம் வராது.

மாற்றம் வரும் ஒவ்வொரு இடத்திலும் தூரத்தைக் குறியுங்கள்: மடு தொடங்குகிறது, மடு முடிகிறது, சலசலத்து ஓடும் ஆழமற்ற கல்பகுதி, சின்ன அருவி, கிளையோடை, கரையில் கசிவு, குறுக்கே விழுந்த மரம். சரிவு குறைந்த ஓடையில் மடுவுக்கும் அடுத்த மடுவுக்கும் இடையே ஓடையின் அகலத்தைப்போல 5 முதல் 7 மடங்கு தூரம் இருப்பது வழக்கம். செங்குத்தான ஓடையில் படிக்கட்டுபோல மடுக்கள் நெருக்கமாக இருக்கும். இந்த இடைவெளி திடீரென்று மாறினால் அங்கே பாறையோ, விழுந்த மரமோ, மண்சரிவோ இருக்கும். தேடிப் பாருங்கள்.

விழுந்த மரங்களைக் குப்பையாகப் பார்க்கும் வழக்கத்தை இங்கே விட்டுவிட வேண்டும். காட்டோடையில் ஒரு பெரிய அடிமரம் குறுக்கே கிடந்தால் மேற்பக்கம் மணலும் சரளையும் தேங்கும், கீழ்ப்பக்கம் தண்ணீர் விழுந்து மடு தோண்டும். சரிவின் விசையில் ஒரு பகுதி அந்தப் படியிலேயே செலவாகிவிடும். அதை இழுத்துப்போட்டால் தேங்கிய மணல் முழுவதும் ஒரே வெள்ளத்தில் கீழே வந்து, அடுத்த மடுக்களை மூடும். அளவெடுக்க வந்தவர் ஓடையை மாற்றக்கூடாது. மரத்தின் நீளம், குறுக்களவு, கிடக்கும் கோணம், இவற்றை எழுதிக்கொண்டு தாண்டிப் போங்கள்.

கரைக்கசிவுகளைக் கண்டுபிடிக்க வெப்பமானி உதவும். வெயில் காலத்து மதியத்தில் ஓடைத்தண்ணீரைவிட நிலத்தடிநீர் குளிர்ச்சியாக இருக்கும். கரையோரமாக வெப்பமானியை நகர்த்திக்கொண்டே போங்கள். ஓரிரு டிகிரி சட்டென்று இறங்கும் இடத்தில் அடியிலிருந்து தண்ணீர் ஊறுகிறது. கையை வைத்தாலே தெரிந்துவிடும் இடங்களும் உண்டு. கல்லுக்கும் வேருக்கும் நடுவே பாசி பச்சையாக, தொட்டால் சில்லென்று இருக்கும். பக்கத்து மண் காய்ந்திருக்கும்.

தண்ணீர் காணாமல் போகும் இடமும் வரும். சரளை அடர்ந்த பகுதியில் ஓட்டம் கல்லுக்கு அடியில் புகுந்து, ஐம்பது மீட்டர் தள்ளி மறுபடி வெளியே வரலாம். அதைப் பார்த்ததும் ‘ஓடை வற்றிவிட்டது’ என்று எழுதாதீர்கள். ‘மேற்பரப்பில் ஓட்டம் இல்லை’ என்று மட்டும் எழுதி, இரு முனைகளின் தூரத்தையும் குறியுங்கள்.

சரிவை அளக்கக் கட்டுமானத் தொழிலாளிகள் பயன்படுத்தும் டியூப் லெவல் (தண்ணீர் நிரப்பிய, உள்ளே தெரியும் குழாய்) போதும். குழாயில் நீர்க்குமிழி இருந்தால் அளவு பொய்யாகும், குமிழியை முழுவதும் வெளியேற்றிவிட்டுத் தொடங்குங்கள். அளக்க வேண்டியது நீர்மட்டத்தின் சரிவு. படுகையின் ஒவ்வொரு குழியையும் தொடர வேண்டியதில்லை. மடுவின் நடுவில் தொடங்கி அருவியின் அடியில் முடித்தால் சரிவு தவறாக வரும். ஒரு மடுவின் கீழ்முனையில் தொடங்கினால், இன்னொரு மடுவின் கீழ்முனையிலேயே முடியுங்கள்.

படுகைக் கற்களுக்கு வோல்மன் முறை: கரைக்குக் கரை நடந்து, ஒவ்வொரு அடியிலும் கால்விரல் நுனியில் முதலில் தட்டுப்படும் கல்லைப் பார்க்காமல் எடுத்து, அதன் நடு அச்சை அளக்க வேண்டும். நீளமும் அல்ல, தடிமனும் அல்ல, இரண்டுக்கும் இடைப்பட்ட அளவு. 100 கற்கள். கண்ணால் பார்த்து எடுத்தால் அழகான, கைக்கு அடக்கமான கற்களாகவே சேரும். மணலும் குத்துக்கல்லும் விட்டுப்போகும்.

5. அளவிடும் இடத்தைத் தேர்ந்தெடுங்கள்

நடை முடியும்வரை இதை முடிவு செய்யாதீர்கள். நல்ல இடம் என்றால் ஓடை நேராக ஓட வேண்டும், கரை இரண்டும் உறுதியாக இருக்க வேண்டும், தண்ணீர் ஒரே கால்வாயாகப் போக வேண்டும், சுழல் இருக்கக்கூடாது. கீழ்ப்பக்கத்தில் பாறைத்தட்டோ இறுகிய கல்வரிசையோ இருந்தால் மிக நல்லது. அதுதான் மட்டத்தைக் கட்டுப்படுத்தும். அது நகராதவரை உங்கள் அளவுகளும் மாறாது.

கீழே மரக்கட்டைகள் அடைந்து கிடக்கும் இடத்தைத் தவிர்க்கவும். ஒரு சுள்ளி கூடுதலாக மாட்டினாலும் மேற்பக்கம் மட்டம் ஏறும், ஓட்டம் கூடியதுபோலத் தெரியும். பெரிய ஓடையோடு சேரும் இடத்துக்கு அருகிலும் வேண்டாம். பெரிய ஓடை பொங்கும்போது தண்ணீர் பின்னுக்குத் தள்ளும்.

6. குறுக்குவெட்டை அளப்பது

இரு கரையிலும் முளை அடித்து, ஓட்டத்துக்குச் செங்குத்தாக டேப்பை இழுத்துக் கட்டுங்கள். 2 மீட்டர் அகலம் என்றால் 20 சென்டிமீட்டருக்கு ஒரு ஆழம். குச்சியை நிறுத்தும்போது அதன் முன்பக்கம் தண்ணீர் மோதி ஏறும், பின்பக்கம் பள்ளமாகும். பக்கவாட்டில் பார்த்து வாசியுங்கள். குச்சி கல்மேல் நின்றால் அதுவும் ஒரு அளவுதான். பக்கத்துக் குழிக்கு நகர்த்தாதீர்கள்.

ஒரு உதாரணம். கரையிலிருந்து கரைக்கு ஆழங்கள், சென்டிமீட்டரில்: 0, 8, 14, 18, 22, 20, 17, 13, 9, 5, 0. கூட்டினால் 126 சென்டிமீட்டர், அதாவது 1.26 மீட்டர். இடைவெளி 0.2 மீட்டரால் பெருக்கினால் குறுக்குப்பரப்பு 0.252 சதுர மீட்டர்.

இங்கே எல்லோரும் இடறும் ஒரு இடம் இருக்கிறது. ஓரத்து இரண்டு பூஜ்யங்களையும் விட்டுவிட்டு, மீதி ஒன்பது ஆழங்களின் சராசரியை எடுத்தால் 14 சென்டிமீட்டர். அதை 2 மீட்டர் அகலத்தால் பெருக்கினால் 0.28. உண்மையைவிட 11 சதவீதம் கூடுதல். கரையோரம் ஆழமற்றது என்ற தகவலை அந்தச் சராசரி தூக்கி எறிந்துவிட்டது. சிறிய ஓடையில் ஓரங்கள்தான் பாதி.

தண்ணீருக்கு மேலேயும் டேப்பை நீட்டி, வெள்ளம் ஏறும் உயரம்வரை கரையை அளந்து வையுங்கள். கரைநிறை மட்டம், அதாவது தண்ணீர் கரை வழியாமல் நிரம்பி ஓடும் உயரம், எது என்பதைக் கரைச்சரிவு சட்டென்று தட்டையாகும் இடம், நிரந்தரச் செடிகள் தொடங்கும் கோடு, மரவேர்களில் ஒட்டியிருக்கும் சருகுக்கோடு ஆகியவை காட்டும். இவற்றில் ஒன்றை மட்டும் நம்பாதீர்கள். இரண்டாவது ஒத்துவந்தால் குறியுங்கள்.

7. ஓட்டத்தை அளப்பது

மழையில்லாத நாளில் தொடங்குங்கள். அப்போது ஓடுவது நிலத்திலிருந்து மெல்ல வடியும் தண்ணீர். ஒரு மணி நேரத்தில் மாறாது, நிதானமாகப் பழகலாம். வெள்ளத்தில் முதல்முறை அளப்பவர், அளந்து முடிப்பதற்குள் மட்டம் மாறிவிட்டதைக்கூட கவனிக்கமாட்டார்.

ஓட்டம் மிகக் குறைவாக இருந்தால் வாளிதான் எல்லாவற்றையும்விடச் சரியான கருவி. சின்ன அருவியாக விழும் இடத்தில் முழுத்தண்ணீரையும் வாளிக்குள் விழ வையுங்கள். 10 லிட்டர் வாளி 4 நொடியில் நிரம்பினால் நொடிக்கு 2.5 லிட்டர். 3 நொடிக்குள் நிரம்பிவிட்டால் கைத்தாமதமே பெரிய பிழையாகும். வேறு முறைக்குப் போங்கள்.

அடுத்தது மிதவை. குறுக்குவெட்டை நடுவில் வைத்து 6 முதல் 10 மீட்டர் நேரான ஓட்டத்தில் இரு கயிறுகள் கட்டுங்கள். மிதவை பாதிக்குமேல் மூழ்கி மிதக்க வேண்டும்; சிறு ஆரஞ்சுப்பழம் அருமையாக வேலை செய்யும். காய்ந்த இலை வேண்டாம், காற்று அதைத் தள்ளும். மேல்கயிற்றுக்கு ஒரு மீட்டர் முன்பே போடுங்கள், அப்போதுதான் கயிற்றைத் தொடும்போது தண்ணீரின் வேகத்துக்கு வந்திருக்கும்.

நடுவில் மட்டும் விடாதீர்கள். இடது, நடு, வலது என்று ஒவ்வொரு பாதையிலும் சில தடவை விட்டு, பாதைவாரியாகச் சராசரி எடுங்கள். நடுவில் எப்போதும் வேகம் அதிகம். அதை மட்டும் எடுத்தால் ஓடை பெரிதாகத் தெரியும். ஒரு மிதவை கல்லின் பின்னால் சுழன்று நின்றுவிட்டால் என்ன செய்வது என்று கேட்பார்கள். ஒருமுறை என்றால் விட்டுவிடலாம். அதே இடத்தில் மூன்றாவதும் நின்றால் அது சுழல், இடத்தேர்வே சரியில்லை. மேலே போய் வேறு பகுதி பாருங்கள்.

மேற்பரப்பு வேகம் சராசரி வேகம் அல்ல. அடியில் கல் உரசித் தண்ணீரைத் தாமதப்படுத்துகிறது. ஆகவே கல்படுகையில் சுமார் 0.8, வழவழப்பான படுகையில் 0.85 முதல் 0.9 என்று பெருக்க வேண்டும். உதாரணத்துக்கு 6 மீட்டரை 24 நொடியில் கடந்தால் மேற்பரப்பு வேகம் நொடிக்கு 0.25 மீட்டர். 0.8ஆல் பெருக்கினால் 0.20. மேலே கண்ட 0.252 பரப்பால் பெருக்கினால் நொடிக்கு 0.05 கன மீட்டர், அதாவது சுமார் 50 லிட்டர். இந்தத் திருத்தத்தை மறப்பதுதான் நான் பார்த்ததிலேயே அதிகம் நடக்கும் பிழை.

குத்துக்கற்கள் நிறைந்து, தண்ணீர் நுரைத்து ஓடும் இடத்தில் பரப்பும் கிடைக்காது, மிதவையும் ஓடாது. அங்கே உப்பு முறை. எடை தெரிந்த சமையல் உப்பை வாளித் தண்ணீரில் முழுவதும் கரைத்து ஒரேயடியாக ஊற்றுங்கள். நன்றாகக் கலந்துவிடும் தூரத்துக்குக் கீழே நின்று, மின்கடத்துதிறனைச் சில நொடிகளுக்கு ஒருமுறை, அது பழைய நிலைக்குத் திரும்பும்வரை எழுதுங்கள். ஒவ்வொரு அளவிலும் பழைய நிலையைக் கழித்து, நொடி இடைவெளியால் பெருக்கிக் கூட்ட வேண்டும். லிட்டருக்கு 1 மில்லிகிராம் உப்பு, கடத்துதிறனைச் சென்டிமீட்டருக்குச் சுமார் 2 மைக்ரோசீமென்ஸ் உயர்த்தும்.

500 கிராம் உப்பு ஊற்றி, கூட்டுத்தொகை 50,000 வந்ததென்றால்: 50,000ஐ 2ஆல் வகுத்தால் 25,000. 5,00,000 மில்லிகிராமை 25,000ஆல் வகுத்தால் நொடிக்கு 20 லிட்டர். அந்த 2 என்பதை உங்கள் ஓடைத் தண்ணீரிலேயே கொஞ்சம் எடுத்து, உப்பைச் சிறிது சிறிதாகச் சேர்த்துச் சரிபார்த்துக்கொள்வது நல்லது. மடு நடுவில் இருந்தால் உப்பு அங்கே தங்கி நெடுநேரம் கசியும். மடு இல்லாத தூரமாகப் பாருங்கள். உப்பைத் தேவைக்குமேல் போடாதீர்கள், அங்கே உயிர்கள் வாழ்கின்றன.

ஒரு முக்கியமான விஷயம்: தினமும் ஒரே நேரத்தில் அளக்க வேண்டும். மழையில்லாத நாளில் மரங்கள் பகலில் தண்ணீரை உறிஞ்சுவதால் சிறு ஓடையின் ஓட்டம் பிற்பகலில் குறைந்து, இரவில் மெல்ல மீண்டு, விடியற்காலையில் கூடுதலாக இருக்கும். ஒருநாள் காலையிலும் மறுநாள் மாலையிலும் அளந்துவிட்டு, ஓடை வற்றத் தொடங்கிவிட்டது என்று முடிவு கட்டக்கூடாது.

8. மட்ட அளவுகோலும் தொடர்பு வளைகோடும்

தினமும் ஓட்டத்தை அளக்க முடியாது; மட்டத்தைப் பார்க்க முடியும். அதனால் மட்டத்தையும் ஓட்டத்தையும் இணைக்கும் ஒரு வளைகோடு வேண்டும்.

அளவுகோலை ஓட்டம் நேரடியாக மோதாத இடத்தில், பாறையோடு சேர்த்து உறுதியாகப் பொருத்துங்கள். பூஜ்யம், கோடையின் மிகக் குறைந்த மட்டத்துக்கும் கீழே இருக்க வேண்டும். பக்கத்துப் பாறையில் அழியாத ஒரு குறி வைத்து, அதற்கும் அளவுகோலின் பூஜ்யத்துக்கும் உள்ள உயர வித்தியாசத்தை அளந்து எழுதுங்கள். வெள்ளத்தில் கோல் சாய்ந்தாலோ போய்விட்டாலோ, அந்தக் குறி இல்லாமல் பழைய அளவுகள் எல்லாம் பயனற்றவை.

ஒவ்வொரு முறை ஓட்டம் அளக்கும்போதும் தொடக்கத்திலும் முடிவிலும் மட்டத்தைப் படியுங்கள். வெவ்வேறு மட்டங்களில் கிடைத்த புள்ளிகளை மடக்கைத்தாளில் (இரு அச்சிலும் log அளவு உள்ள வரைதாள்) போட்டால், ஓட்டம் பூஜ்யமாகும் மட்டத்தைக் கழித்த பிறகு, ஏறக்குறைய நேர்கோடு வரும். வறண்ட நாள் புள்ளிகளை அடுக்கிக்கொண்டே போவதைவிட, உயர்ந்த மட்டத்தில் பாதுகாப்பாக எடுத்த ஒரு புள்ளி மதிப்பு மிக்கது. அளந்த உச்சத்தைப்போல இரு மடங்குக்கு மேல் அந்தக் கோட்டை நீட்டிப் படிக்க நான் சம்மதிக்கமாட்டேன்.

நீங்கள் இல்லாதபோது வெள்ளம் வந்தால்? அடியில் துளையிட்ட பிளாஸ்டிக் குழாயைச் செங்குத்தாக நட்டு, உள்ளே ஒரு மரச்சட்டமும் கொஞ்சம் கார்க்குத் தூளும் போடுங்கள். மேலே மூடியில் காற்று போக ஒரு துளை. தண்ணீர் ஏறும்போது தூள் மிதந்து ஏறி, இறங்கும்போது உச்சமட்டத்தில் சட்டத்தில் ஒட்டிக்கொள்ளும். படித்ததும் துடைத்துவிட்டு மறுபடி வையுங்கள். துடைக்க மறந்தால் அடுத்த வெள்ளம் எதுவென்று தெரியாது.

ஒவ்வொரு பெரிய வெள்ளத்துக்குப் பிறகும் குறுக்குவெட்டை மறுபடி அளந்து பாருங்கள். படுகை மாறியிருந்தால் வளைகோடும் மாறிவிட்டது.

9. மழையை இரண்டு இடத்தில் அளக்க வேண்டும்

மழைமானியை வெட்டவெளியில் வையுங்கள். சுற்றியுள்ள மரங்களின் உயரத்தைப்போல இரண்டு மடங்கு தூரமாவது தள்ளி இருக்க வேண்டும். காட்டுக்குள் அப்படி இடம் கிடைப்பது கடினம். எல்லைக்கு அருகில் இருக்கும் திறந்தவெளி போதும்.

அப்புறம் மரத்தடியில் தனியாக. விதானம், அதாவது மரங்களின் இலைக்கூரை, மழையில் ஒரு பங்கைத் தடுத்து, அங்கேயே ஆவியாக்கிவிடும். காட்டின் வகையைப் பொறுத்து ஆண்டு மழையில் 10 முதல் 40 சதவீதம்வரை இப்படிப் போவதுண்டு. முதல் ஓரிரு மில்லிமீட்டர் இலைகளை நனைக்கவே செலவாகும். தூறல் பெய்தும் ஓடை அசையாததற்கு இதுவே முதல் காரணம். மரத்தடியில் ஒரே ஒரு மானி வைத்தால் பயனில்லை. ஒரு கிளை நுனியிலிருந்து தாரையாக ஊற்றும், ஒரு அடி தள்ளி ஒன்றுமே விழாது. பத்துப் பதினைந்து புனல்களைப் பரப்பி வைத்துச் சராசரி எடுங்கள். 10 சென்டிமீட்டர் ஆரமுள்ள புனலில் 314 மில்லிலிட்டர் சேர்ந்தால் 10 மில்லிமீட்டர் மழை.

10. மழை நாளில் கவனிக்க வேண்டியவை

மழை தொடங்கிய நேரம், ஓடை ஏறத் தொடங்கிய நேரம், உச்ச நேரம், இவை மூன்றும் தவறாமல் வேண்டும். ஏறும்போது 5 நிமிடத்துக்கு ஒருமுறை மட்டம் படியுங்கள், இறங்கும்போது அரைமணிக்கு ஒருமுறை போதும். ஏற்றம் செங்குத்தாகவும் இறக்கம் நீளமாகவும் இருக்கும்.

காட்டில் மழைநீர் தரையில் வழிந்து ஓடைக்கு வருகிறது என்று நினைத்துக்கொண்டு போனால் ஏமாற்றம்தான். சருகும் வேரும் நிறைந்த காட்டுமண் பெரும்பாலான மழையை அப்படியே குடித்துவிடும். தரையில் ஓட்டம் தெரிவது பாறையிலும், மிதிபட்ட பாதையிலும், ஓடையை ஒட்டி ஏற்கெனவே ஊறிப்போன தாழ்வான மண்ணிலும்தான். மழை நீடிக்க நீடிக்க இந்த ஊறிய பகுதி அகன்றுகொண்டே போகும். குடையோடு போய் அதன் விளிம்பில் முளை அடித்து வந்தால், எந்த நிலம் வெள்ளத்துக்குத் தண்ணீர் தருகிறது என்று கண்ணாலேயே பார்க்கலாம்.

வெள்ளத்தில் வருவதில் பெரும்பங்கு, பெய்த மழைக்கு முன்பே மண்ணுக்குள் இருந்த பழைய தண்ணீர். புது மழை அதை அழுத்தி வெளியே தள்ளுகிறது. கடத்துதிறன் மீட்டர் இருந்தால் சோதித்துப் பாருங்கள். மழைநீரில் கரைந்த உப்புகள் மிகக் குறைவு. வெள்ளம் முழுவதும் புது மழை என்றால் அளவு அதலபாதாளத்துக்குப் போக வேண்டும். காட்டோடையில் அவ்வளவு இறங்காது. அதிகமாக இறங்கினால் பாதையோ சாலையோ தண்ணீரை நேராக ஓடைக்குள் விடுகிறதா என்று மேலே போய்த் தேடுங்கள்.

11. கணக்கைச் சரிபார்ப்பது

எல்லா ஓட்டத்தையும் மில்லிமீட்டராக மாற்றுங்கள். அப்போதுதான் மழையோடு ஒப்பிட முடியும். நம் உதாரண ஓடையின் நீர்ப்பிடிப்பு 2 சதுர கிலோமீட்டர் என்று வைத்துக்கொள்வோம். நொடிக்கு 50 லிட்டர் என்றால் ஒரு நாளைக்கு 4,320 கன மீட்டர். 20 லட்சம் சதுர மீட்டரால் வகுத்தால் நாளுக்கு சுமார் 2.2 மில்லிமீட்டர்.

மழை நின்ற பிறகு வரும் நாட்களின் ஓட்டத்தை மடக்கை அளவில் நாள்வாரியாகப் போடுங்கள். ஏறக்குறைய நேர்கோடாக இறங்கினால் நிலம் வடிகிறது. கோடு தட்டையாக இருந்தால் மண்ணும் பாறைப்பிளவும் நிறையச் சேமித்திருக்கின்றன, கோடையிலும் ஓடை தாங்கும். செங்குத்தாக இறங்கினால் சேமிப்பு குறைவு. திடீர் முறிவு தெரிந்தால் ஒன்று மழை பெய்திருக்கும், இல்லை அளவுகோலுக்குக் கீழே ஏதோ அடைத்திருக்கும்.

வெள்ளத்துக்கு: 40 மில்லிமீட்டர் மழை இந்த நிலத்தில் 80,000 கன மீட்டர். வழக்கமான ஓட்டத்துக்கு மேல் கூடுதலாக ஓடியது 8,000 கன மீட்டர் என்றால் 4 மில்லிமீட்டர், மழையில் பத்தில் ஒரு பங்கு. காட்டுநிலத்தில் இது நம்பக்கூடிய எண். மழையைவிட ஓட்டம் அதிகமாக வந்தால் மண்ணின்மேல் பழி போடாமல் இந்த வரிசையில் தேடுங்கள்: 0.8 திருத்தம் விட்டுப்போனதா, ஓரத்துப் பூஜ்யங்கள் விட்டுப்போனதா, அளவுகோலுக்குக் கீழே கட்டை அடைத்ததா, கடைசியாக நீர்ப்பிடிப்பு எல்லை. எல்லைதான் காரணம் என்றால், பெரும்பாலும் ஒரு பாதையோர வாய்க்கால் பக்கத்துப் பள்ளத்துத் தண்ணீரை உங்கள் ஓடைக்குள் கொண்டுவந்து கொட்டிக்கொண்டிருக்கும். மழை பெய்யும்போதே போனால் அது எங்கே என்று காதாலேயே கண்டுபிடித்துவிடலாம்.